மரத்துக்குச் சாயமிடலும் பொருத்தமான தூரிகையைத் தெரிவுசெய்தலும்

க.பொ.த. சாதாரண தரத்தில் தொழினுட்பப் பாடமொன்றின் கீழ் மரவேலையைக் கற்கும் மாணவர்கள் மூட்டுகளின் பெயர்களையும் ஆயுதங்களின் பகுதிகளையும் நன்கு மனனம் செய்திருப்பர். மேற்பரப்பு முடிப்பு பற்றிக் கேட்டால் மட்டும் "அரத்தாளினால் தேய்த்து, சாயமிட்டு, வார்னிசு பூச வேண்டும்" என்ற ஒரே வரியுடன் நிறுத்திவிடுவர். எதனால் பூசுவது, அந்தத் தூரிகையை ஏன் தெரிவுசெய்தோம் என்ற இடத்திலேயே புள்ளிகள் கைநழுவுகின்றன. செயற்றிட்டத்திலும் இதே கதைதான். மூன்று வாரம் உழைத்துச் செய்த முக்காலியை, கடைசி நாளில் வாங்கிய மலிவான தூரிகை பத்து நிமிடத்தில் கெடுத்துவிடும். தீந்தை பிழைத்தால் அதன் மேல் இன்னொரு பூச்சுப் பூசி மறைக்கலாம். சாயம் மரத்தினுள் இறங்கிவிடுவதால் அதை மறைக்க வழியில்லை. பிழைத்த இடத்தைச் சீவி எடுத்தே திருத்த வேண்டும்.

இந்த அலகை நானுஓயாவைச் சூழ்ந்த தோட்டப்புற மாணவர்களை மனத்திற் கொண்டு விளக்குகின்றோம். காரணம் உண்டு. சாயத் தகரத்தின் மேல் அச்சிடப்பட்டுள்ள அறிவுறுத்தல்கள் பெரும்பாலும் 25 பாகை செல்சியசை அண்டிய வெப்பநிலைக்கு எழுதப்பட்டவை. 1885 இல் புகையிரதப் பாதை வந்தடைந்த நானுஓயா நிலையம் கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,620 மீற்றர் உயரத்தில் உள்ளது. அருகிலுள்ள நுவரெலியாவின் ஆண்டுச் சராசரி வெப்பநிலை ஏறத்தாழ 16 பாகை செல்சியசு மாத்திரமே. கொழும்பிலோ அது 27 பாகைக்கு மேல். மொறட்டுவையில் தளபாடம் செய்யும் ஒருவர் பழகிய முறையை மாற்றமின்றி இங்கு பின்பற்றினால் பயன் கிட்டாது.

மரச்சாயம் என்பது யாது?

தீந்தை மரத்தின் மேல் ஒரு படையாகப் படிந்து அதனை மறைக்கும். வார்னிசு ஒளிபுகவிடும் படையாகப் படிந்து மரத்தைப் பாதுகாக்கும். மரச்சாயம் இவ்விரண்டிலிருந்தும் வேறானது. அது மரத்தின் நுண்டுளைகளினுள் இறங்கி நிறத்தை மாற்றும்; இழைப்போக்கை மறைக்காது. சாயமிட்ட பின் பாதுகாப்புக்காக வார்னிசோ வேறொரு பூச்சோ தேவை என்பதும் இதிலிருந்து பெறப்படும். "சாயமிட்டால் மரம் பாதுகாக்கப்படும்" என்று மாத்திரம் எழுதுவது முழுமையான விடையாகாது.

சாயத்தில் நிறப்பொருள், அதனை மரத்தில் பிடித்து வைக்கும் சிறிதளவு பிணைப்புப் பொருள், இவற்றைக் கொண்டு செல்லும் கரைப்பான் ஆகியன உள்ளன. கரைப்பானே தூரிகையைத் தீர்மானிக்கின்றது. ஆகவே தகரத்தைக் கையில் எடுத்ததும் முதலில் வாசிக்க வேண்டியது நிறத்தின் பெயரை அன்று. "எதனால் கழுவுவது" என்று எழுதப்பட்டுள்ள வரியையே வாசிக்க வேண்டும். தெர்ப்பந்தைனால் கழுவுக என்றிருப்பின் அது எண்ணெய்ச் சாயம். நீரினால் கழுவுக என்றிருப்பின் அது நீர்ச் சாயம். மதுசாரத்திற் கரையும் சாயங்களும் உண்டு. அவை மிக விரைவாக உலர்வதால் பழக்கமில்லாத கைக்கு உகந்தவையல்ல.

தூரிகை எவ்வாறு தொழிற்படுகின்றது?

தூரிகையொன்றில் கைபிடி, உலோகப் பட்டி, மயிர் என மூன்று பகுதிகள் வெளியே தெரியும். உலோகப் பட்டியினுள்ளே மயிர்களைப் பிணைத்திருக்கும் பசை வெளியே தெரியாது. ஆயினும் மலிவான தூரிகையையும் நல்ல தூரிகையையும் வேறுபடுத்துவதில் அதற்குப் பெரும் பங்குண்டு.

தூரிகை திரவத்தைத் தாங்குவதற்குக் காரணம் மயிர்களுக்கிடையிலான நுண்ணிய இடைவெளிகளாகும். விஞ்ஞான பாடத்தில் கற்ற மயிர்த்துளை விளைவே இங்கும் நிகழ்கின்றது. இடைவெளி எவ்வளவு ஒடுங்கியதோ அவ்வளவு நன்றாகத் திரவம் அதனுள் நிற்கும். நல்ல மயிரொன்றின் நுனியை வெளிச்சத்திற் பிடித்துப் பார்த்தால் அது இரண்டு மூன்றாகப் பிளந்திருப்பதை அவதானிக்கலாம். இந்த நுனிப்பிளவு இடைவெளிகளை மேலும் நுண்ணியவாக்குகின்றது. எனவே தூரிகை கூடிய திரவத்தைத் தாங்கி, சொட்டவிடாது, சீராக விடுவிக்கின்றது. சாயம் தீந்தையை விட மிக நீர்த்தது என்பதை நினைவிற் கொள்க. பருமனான, நுனி பிளவாத மயிர்களாலான தூரிகை தடித்த தீந்தையை ஒருவாறு சமாளிக்கும். சாயத்தைத் தோய்த்து எடுத்ததும் மேசைக்குப் போகும் வழியெல்லாம் சொட்டிக்கொண்டே போகும்.

நுனிகள் இருபக்கமிருந்தும் சாய்வாகக் குறுகி உளியின் விளிம்பு போல் அமைந்திருப்பது நல்லது. அவ்விளிம்பால் மூட்டின் ஓரம் வரை சென்று நிறுத்தலாம். கத்தரியால் நேராக வெட்டிவிட்டது போன்ற நுனியுடைய தூரிகையால் அது முடியாது.

இயற்கை மயிரா, செயற்கை மயிரா?

தரமான இயற்கைத் தூரிகைகள் பன்றி மயிராலானவை. நெடுங்காலமாகச் சீனாவே இதன் முதன்மை வழங்குநராக இருந்து வந்துள்ளது. பன்றி மயிர் அடியில் பருத்து நுனியில் மெலிந்திருக்கும். நுனிப்பிளவு அதற்கு இயல்பிலேயே உண்டு. எண்ணெய்ச் சாயத்துக்கும் எண்ணெய் வார்னிசுக்கும் இதற்கு நிகர் வேறில்லை என்றே கூறலாம். ஆனால் மயிர் கெரற்றின் என்ற புரதத்தாலானது. அது நீரை உறிஞ்சும். நீர்ச் சாயத்தில் தோய்த்துச் சிறிது நேரத்தில் மயிர்கள் வீங்கி, விறைப்பை இழந்து, நனைந்த துணிபோல் தொங்கும். அப்பொழுது அழுத்திப் பூசுவீர்கள். அழுத்தியதும் சாயம் ஓரிடத்திற் கூடுதலாக இறங்கித் திட்டுத்திட்டாகத் தெரியும்.

செயற்கை மயிர்கள் நைலோன், பொலியெசுத்தர் ஆகியவற்றாலோ இரண்டின் கலவையாலோ செய்யப்படுகின்றன. நைலோன் மயிர் முதன்முதலாக 1938 இல் அமெரிக்காவில் பற்றூரிகையில் விற்பனைக்கு வந்தது. தீந்தைத் தூரிகைக்கு அது பின்னரே வந்து சேர்ந்தது. நைலோன் சிறிதளவு நீரை உறிஞ்சிச் சற்று மென்மையடையும். ஆயினும் நெடுநாள் உழைக்கும். பொலியெசுத்தர் நீரை ஏறத்தாழ உறிஞ்சுவதேயில்லை, விறைப்புக் குறையாது. நீர்ச் சாயத்துக்கு இரண்டும் கலந்த தூரிகை சிறந்தது. மதுசாரம், லக்கர் போன்ற வலிமையான கரைப்பான்களில் நைலோன் மென்மையடையக் கூடுமாதலால் அங்கு இயற்கை மயிரே பாதுகாப்பானது.

எங்கள் நாட்டிலேயே கிடைக்கும் நார்கள் இருக்கத்தக்கதாக ஏன் பன்றி மயிரைத் தேட வேண்டும் என்று ஒரு மாணவி கேட்டாள். நல்ல கேள்வி. தென்னந்தும்பு, கித்துல் நார், யாழ்ப்பாணத்துப் பனந்தும்பு ஆகிய மூன்றும் தூரிகை, துடைப்பம் செய்வதற்காகவே இலங்கையிலிருந்து வெளிநாடுகளுக்கு ஏற்றுமதி செய்யப்பட்டவை. ஆயின் அவை விறைப்பானவை. நுனி மெலிவதில்லை, இயல்பாகப் பிளவதுமில்லை. தேய்ப்பதற்கும் கூட்டுவதற்கும் உகந்தவை. மரத்திற் சாயமிட உகந்தவையல்ல, கோடு கோடாகத் தடம் பதிக்கும். மறுபுறம், சுவருக்குச் சுண்ணாம்பு அடிக்கத் தும்புத் தூரிகையே சரியானது. சுண்ணாம்பு காரத்தன்மையுடையது, காரம் புரதத்தைச் சிதைக்கும். லயத்துச் சுவருக்கு வெள்ளையடிக்கப் பன்றி மயிர்த் தூரிகையை இரவல் கொடுத்தால் அது திரும்பி வரும்போது தூரிகையாக வராது.

கடையில் "உண்மையான மயிர்" என்று விற்கப்படுவது உண்மையானதுதானா என்பதை அறிய எளிய பரிசோதனை ஒன்றுண்டு. உதிர்ந்த மயிர் ஒன்றைக் குறட்டினாற் பிடித்து, எரிபற்றும் திரவங்கள் எவையும் அருகில் இல்லாத இடத்தில், மெழுகுதிரிச் சுவாலையிற் காட்டுக. இயற்கை மயிராயின் தலைமுடி கருகும் மணம் வீசி, விரலால் நசுக்கக்கூடிய சாம்பல் எஞ்சும். செயற்கை மயிராயின் உருகிக் கடினமான ஒரு சிறு மணியாகத் திரளும்.

நுரைத் தூரிகை பற்றியும் ஒரு வார்த்தை. ஆப்பு வடிவக் கடற்பஞ்சில் ஒரு குச்சி செருகப்பட்டிருக்கும். விலை குறைவு. நீர்ச் சாயத்துக்கும், தட்டையான சிறிய பலகைக்கும் ஒருமுறை பாவிக்கலாம். செதுக்கல் வேலைப்பாட்டின் பள்ளங்களுக்குள் அது செல்லாது. லக்கர், மதுசாரம் ஆகியவற்றில் சிதையக் கூடும். எனது அபிப்பிராயத்தில், நான்கு நுரைத் தூரிகை வாங்கும் பணத்துக்கு நல்ல தூரிகை ஒன்றை வாங்கிக் கழுவிப் பேணுவதே மேல்.

அகலம்

கடைகளில் தூரிகைகள் இன்றும் அங்குலக் கணக்கிலேயே விற்கப்படுகின்றன. முக்காலியின் கால்களுக்கும் குறுக்குச் சட்டங்களுக்கும் 1 அங்குலம், இருக்கைப் பலகைக்கு 2 அங்குலம் போதுமானவை. பூசப்படும் முகத்தை விடத் தூரிகை சற்று ஒடுங்கியதாக இருத்தல் வேண்டும். ஒன்றரை அங்குலச் சட்டத்துக்கு 2 அங்குலத் தூரிகையைப் பாவித்தால் சாயம் இரு ஓரங்களாலும் வழிந்து அடுத்த முகத்திற் கோடாக இறங்கும். பிறகு அந்த முகத்தைப் பூசும்போது அக்கோடு மாத்திரம் இருமுறை நிறமேறிக் கருமையாகத் தோன்றும்.

மறுதலையாக, அகன்ற மேசைப் பலகைக்கு 1 அங்குலத் தூரிகையை எடுத்தால் வேறொரு சிக்கல் எழும். முதற் பட்டை உலரத் தொடங்கிய பின்பே அடுத்த பட்டையைப் பூச நேரும். இரண்டும் மேற்கவியும் இடத்தில் கருங்கோடு விழும். ஈர விளிம்பு உலருமுன் அடுத்த வீச்சு அதனைச் சந்திக்க வேண்டும் என்பதே விதி. இங்கு எங்கள் குளிர் ஒரு நன்மை செய்கின்றது: நானுஓயாவில் ஈர விளிம்பு கொழும்பிலிருப்பதை விடக் கூடுதலான நேரம் ஈரமாகவே இருக்கும்.

சபுக்கு மரத்திற் சாயமிடல்

தேயிலைக்கு நிழலாகவும் காற்றுத் தடையாகவும் நடப்பட்டுள்ள சபுக்கு மரத்தை அறியாத தோட்டப் பிள்ளை இல்லை. கிரெவிலியா என்னும் இம்மரம் கிழக்கு அவுஸ்திரேலியாவைத் தாயகமாகக் கொண்டது. முதிர்ந்த பின் தறித்துப் பலகையாக்கப்படுகின்றது. இதன் மையக்கதிர்கள் பெரியவை. ஆரைத் திசையில் அறுத்த பலகையில் அவை பளபளக்கும் செதில்களாகத் தெரியும். இச்செதில்களும் சூழவுள்ள இழையமும் ஒரே அளவாகச் சாயத்தை உறிஞ்சுவதில்லை. சரியாகச் சாயமிட்டால் அந்த வேறுபாடே அழகு. தூரிகையை அழுத்தித் தேய்த்தால் அதுவே அழுக்குத் திட்டாகத் தோன்றும். ஆகவே இதற்கு மென்நுனித் தூரிகை அவசியம். சபுக்கின் தூள் சிலருக்குத் தோலில் அரிப்பையும் கொப்புளத்தையும் உண்டாக்கும். அரத்தாள் பிடிக்கும்போது முழுக்கைச் சட்டை அணிக. மூக்கையும் வாயையும் மூடிக்கொள்க.

பலகையின் வெட்டுமுனை எப்பொழுதும் கூடுதலாகக் கருக்கும். நீரைக் கடத்திய கலன்கள் அங்கு வாய் திறந்து நிற்பதால் சாயம் உறிஞ்சுகுழாயிற் செல்வது போல் உள்ளே செல்லும். இதனைத் தவிர்க்க வெட்டுமுனையை ஏனைய முகங்களை விட நுண்ணிய அரத்தாளால் தேய்த்து, ஏறத்தாழ உலர்ந்த தூரிகையால் தொட்டுவிட்டால் போதும்.

நீர்ச் சாயம் இடுவதாயின் இன்னொரு படிமுறை உண்டு. நீர் பட்டதும் மர இழைகள் வீங்கி எழும். வழவழப்பான பலகை சொரசொரப்பாகும். எனவே முதலில் வெறும் நீரால் பலகையை நனைத்து, நன்கு உலரவிட்டு, எழுந்த இழைகளை 220 ஆம் இலக்க அரத்தாளால் இலேசாக நீக்கிய பின்பே சாயமிடல் வேண்டும். மாணவர்கள் விடையில் பெரும்பாலும் மறந்துவிடும் படிமுறை இதுவே.

தேயிலையும் ஒரு சாயம்

பணமில்லாத போதும் சாயமிடலாம். அதுவும் எங்கள் வீட்டிலுள்ள பொருளாலேயே. தேயிலைத் தூளைக் கடும் சாயமாகக் கொதிக்க வைத்து வடித்து ஆறவிடுக. இன்னொரு கண்ணாடிப் போத்தலில் வினாகிரியை ஊற்றி, உருக்குப் பஞ்சையோ துருப்பிடிக்காத புதிய ஆணிகளையோ இட்டுச் சில நாள் வைக்குக. ஐதரசன் வாயு வெளியேறுவதால் போத்தலின் மூடியை இறுக்கலாகாது. அருகே சுவாலையும் கூடாது. வினாகிரியிலுள்ள அசற்றிக்கமிலம் இரும்புடன் தாக்கமுற்று இரும்பு அசற்றேற்றைத் தரும்.

முதலில் பலகைக்குத் தேயிலைச் சாயத்தைப் பூசி உலரவிடுக. அதன்மேல் இரும்புக் கரைசலைப் பூசியதும், பார்த்துக்கொண்டிருக்கும்போதே மரம் சாம்பல் நிறமாகிக் கருமையாகும். தேயிலையின் தனின்கள் இரும்புடன் சேர்ந்து கருநிறச் சேர்வையை ஆக்குவதே காரணம். பழைய காலத்து எழுத்து மை செய்யப்பட்டதும் இதே இரசாயனத்தினாற்றான்.

இங்கு தூரிகைத் தெரிவு மிக முக்கியமாகின்றது. இரண்டுமே நீர்க் கரைசல்களாகையால் செயற்கை மயிர் வேண்டும். அத்துடன் உலோகப் பட்டியையும் கவனிக்க வேண்டும். மலிவான தூரிகைகளின் பட்டி வெள்ளீயம் பூசிய மெல்லிய இரும்புத் தகடு. பூச்சுக் கீறுண்ட இடத்தில் அது துருப்பிடித்து, தேயிலைச் சாயத்துடன் சேர்ந்து, எதிர்பாராத இடத்திற் கரும்புள்ளிகளாக விழும். துருப்பிடிக்காத உருக்குப் பட்டியுள்ள தூரிகையோ, பட்டியே இல்லாத நுரைத் தூரிகையோ பொருத்தமானது. இரு கரைசல்களுக்கும் வெவ்வேறு தூரிகை பாவிக்குக. ஒன்றையே இரண்டிலும் தோய்த்தால் போத்தலுக்குள்ளேயே கருமை உண்டாகிவிடும். முதலில் கழிவுத் துண்டொன்றில் பரீட்சித்துப் பார்ப்பது கட்டாயம். ஒரே மரத்தின் இரு பலகைகள்கூட ஒரே நிறத்தைத் தருவதில்லை.

மூடுபனியும் உலர்தலும்

மாலை மூன்று மணியளவில் மூடுபனி இறங்கும் நாட்களை எண்ணிப் பாருங்கள். வளியின் வெப்பநிலை 15 பாகையும் சாரீரப்பதன் 90 சதவீதமும் ஆயின், பனிபடுநிலை ஏறத்தாழ 13 பாகையாக இருக்கும். இரவு முழுவதும் குளிரில் கிடந்த பலகையின் வெப்பநிலை 12 பாகையாயின் அதன் மேற்பரப்பில் நீர் ஒடுங்கும். கண்ணுக்குத் தெரியாவிட்டாலும் அந்த ஈரம் எண்ணெய்ச் சாயத்தை உள்ளே இறங்கவிடாது. சாயமிடுவதற்கு முன் பலகையை வேலை செய்யும் அறையினுள் ஒரு நாளாவது வைத்திருப்பது இதற்காகத்தான்.

மரத்தின் உள்ளீரமும் கவனிக்கத்தக்கது. சாரீரப்பதன் 65 சதவீதமுள்ள இடத்தில் மரத்தின் ஈரப்பற்று ஏறத்தாழ 12 சதவீதத்தில் நிலைபெறும். 90 சதவீதமாயின் அது 20 சதவீதத்தை அண்மிக்கும். மழைக்காலத்தில் விறாந்தையில் சாத்திவைத்த பலகை உலர்ந்ததாகத் தோன்றினாலும் உலர்ந்ததன்று. அடுப்பங்கரைக்கு மேலுள்ள பரணில் பலகையை உலர வைக்கும் பழைய வழக்கம் காரணமில்லாமல் வந்ததல்ல. ஆனால் புகைக்கரி படியாமல் மூடி வைக்க வேண்டும்.

குளிரில் கரைப்பான் மெதுவாக ஆவியாகும், எண்ணெய் மெதுவாக ஒட்சியேற்றமடையும். தகரத்தில் "8 மணித்தியாலம்" என்றிருந்தால் இங்கு ஒரு நாள் முழுவதையும் ஒதுக்குக. உலராத சாயத்தின் மேல் வார்னிசு பூசினால் தூரிகை சாயத்தை இழுத்துக்கொண்டு வரும். வார்னிசுத் தகரமும் கலங்கிப்போகும். மதுசாரத்திற் கரைத்த அரக்குப் பூச்சோ லக்கரோ ஆயின் வேறொரு குறைபாடு: கரைப்பான் விரைவாக ஆவியாகும்போது மேற்பரப்புக் குளிர்ந்து, வளியிலுள்ள நீராவி ஒடுங்கி, பூச்சு வெண்மூட்டமாகும். முற்பகல் பத்து மணிக்கும் பிற்பகல் இரண்டு மணிக்கும் இடையில், வெயில் உள்ள நாளில் இவ்வேலையைச் செய்வதே அனுபவமுள்ள தச்சுப் பாஸ்மாரின் வழக்கம்.

பூசும் முறை

புதிய தூரிகையை உள்ளங்கையிற் பலமுறை தட்டி, தளர்ந்த மயிர்களை இழுத்தெடுத்து, உரிய கரைப்பானில் ஒருமுறை அலசிய பின்பே பாவிக்குக. சாயத்தில் மயிரின் நீளத்தில் மூன்றிலொரு பங்கு வரையே தோய்க்க வேண்டும். பட்டி வரை தோய்த்தால் உள்ளே சென்ற சாயம் கழுவும்போது வெளியேறாது. அடுத்த முறை வெளிர்நிறச் சாயம் பூசும்போதுதான் அது வெளியே வரும்.

கீழ்ப் பகுதியிலிருந்து மேலே வருவதும், உள்முகங்களை முதலிலும் வெளிமுகங்களை இறுதியிலும் பூசுவதும் நன்று. முதலில் எத்திசையிற் பரப்பினாலும் கடைசி வீச்சு இழைப்போக்கின் வழியே, பலகையின் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை நிற்காது செல்ல வேண்டும். எண்ணெய்ச் சாயத்தை 5 முதல் 15 நிமிடம் ஊறவிட்டு, எஞ்சியதைப் பழைய பருத்தித் துணியால் துடைத்தெடுக்க வேண்டும். தூரிகை சாயத்தைக் கொண்டுபோய்ச் சேர்க்கின்றது. நிறத்தைச் சமப்படுத்துவது துணியே. தட்டையான சிறு பலகையாயின் துணியால் மாத்திரம்கூடச் சாயமிடலாம். மூட்டின் மூலைகள், செதுக்கல்கள், கடைசல் வேலைப்பாடுகள் ஆகியவற்றுக்குத் தூரிகை இன்றியமையாதது.

கழுவுதலும், ஓர் எச்சரிக்கையும்

எண்ணெய்ச் சாயத்துக்குப் பாவித்த தூரிகையைத் தெர்ப்பந்தைனில் இருமுறை அலசி, பின் சவர்க்காரமும் இளஞ்சூட்டு நீரும் கொண்டு கழுவி, மயிர்களை விரலால் ஒழுங்காக்கிக் கடதாசியாற் சுற்றித் தொங்கவிடுக. தகரத்தில் தலைகீழாக நிற்கவைத்தால் நுனி ஒரு பக்கம் வளைந்து, உளிவிளிம்பு போய்விடும். தோட்டப்புறங்களிற் பலர் மண்ணெண்ணெயால் கழுவுகின்றனர். அது எண்ணெய்ப் பிசுக்கை விட்டுச் செல்வதால் பின்னர் சவர்க்காரத்தால் நன்கு கழுவாவிடின் அடுத்த பூச்சு ஒட்டாது. அலசிய தெர்ப்பந்தைனைக் கானுக்குள் ஊற்ற வேண்டாம். எங்கள் கான்களின் நீர் நானுஓயாவில் விழுந்து, கொத்மலை ஓயா வழியாக மகாவலியைச் சேர்கின்றது. மூடிய போத்தலில் சில நாள் வைத்தால் நிறப்பொருள் அடியிற் படியும். தெளிந்த மேற்பகுதியை மீண்டும் பாவிக்கலாம்.

இனி வருவதை மிகுந்த கவனத்துடன் வாசிக்கவும். எண்ணெய்ச் சாயம் பலவற்றில் ஆளிவிதை எண்ணெய் போன்ற உலரும் எண்ணெய்கள் உள்ளன. இவை நீரைப் போல ஆவியாகி உலர்வதில்லை. வளியிலுள்ள ஒட்சிசனுடன் சேர்ந்தே இறுகுகின்றன. ஒட்சியேற்றம் வெப்பத்தை வெளிவிடும் தாக்கமாகும். பலகையில் மெல்லிய படையாக இருக்கும்போது அவ்வெப்பம் வளியிற் கலந்துவிடும். அதே எண்ணெய் ஊறிய துணிகளைச் சுருட்டி ஒரு மூலையிற் குவித்தால் வெப்பம் வெளியேற வழியில்லை. வெப்பநிலை ஏற, தாக்கம் விரைவாகும். விரைவாக, வெப்பம் மேலும் கூடும். சில மணித்தியாலங்களில், தீக்குச்சியே இல்லாமல் துணி தானாகத் தீப்பற்றலாம்.

இது ஏட்டில் மாத்திரம் உள்ள செய்தியன்று. 1991 பெப்ரவரி 23 ஆந் திகதி அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் 38 மாடிக் கட்டடம் ஒன்றின் 22 ஆம் மாடியில் தீ மூண்டது. மரப் பலகைகளை மெருகூட்டியோர் விட்டுச் சென்ற, ஆளிவிதை எண்ணெய் ஊறிய துணிகளே அத்தீக்குக் காரணம். தீயணைப்பு வீரர் மூவர் உயிரிழந்தனர். அத்தகைய கட்டடத்திலேயே இவ்வாறாயின், ஒரே கூரையின் கீழ் அறைகள் வரிசையாக ஒட்டியிருக்கும் லயத்தில் என்னவாகும்? ஓர் அறையில் பற்றிய தீ கூரை வழியாக அடுத்த அறைக்குப் போக அதிக நேரம் எடுக்காது. அடுப்புக்கு அருகிலோ விறகுக் குவியலிலோ கட்டிலின் கீழோ அத்துணியை ஒருபோதும் செருக வேண்டாம். வெளியே, ஒன்றன்மேல் ஒன்று படாமல் விரித்துப் போட்டு விறைக்கும்வரை உலரவிடுக. மழையாயின் தண்ணீர் நிரப்பிய பழைய தகரமொன்றில் அமிழ்த்தி மூடி வைக்குக. எண்ணெய் தோய்ந்த நிலையில் துணியுடன் சேர்த்துச் சுற்றி வைத்த தூரிகைக்கும் இது பொருந்தும்.

மாதிரி வினா

நுவரெலியா மாவட்டப் பாடசாலையொன்றின் மாணவர் குழு, சபுக்குப் பலகையாலான புத்தகத் தட்டு ஒன்றுக்கு நீர்ச் சாயம் இட்டது. பாவிக்கப்பட்டது 3 அங்குலப் பன்றி மயிர்த் தூரிகை. தட்டின் சட்டங்கள் 2 அங்குல அகலமானவை. மறுநாள் மேற்பரப்புச் சொரசொரப்பாகவும், ஓரங்களில் கருங்கோடுகளுடனும், பலகைகளின் வெட்டுமுனைகள் மிகக் கருமையாகவும் காணப்பட்டன. ஒவ்வொரு குறைபாட்டுக்கும் காரணத்தையும் தவிர்க்கும் முறையையும் தருக.

விடை எழுதும்போது மூன்று குறைபாடுகளையும் ஒன்றாகக் கலந்து "தூரிகை சரியில்லை" என்று எழுதலாகாது. சொரசொரப்புக்குத் தூரிகை காரணமன்று. முற்கூட்டியே நனைத்து, எழுந்த இழைகளை நீக்காமையே காரணம். ஓரக் கோடுகளுக்கு இரு காரணங்கள் உள: தூரிகை சட்டத்தை விட அகலமானது, இயற்கை மயிர் நீரில் தளர்ந்ததால் கட்டுப்பாடும் இழக்கப்பட்டது. 1 அல்லது 1½ அங்குல நைலோன்–பொலியெசுத்தர்த் தூரிகையைக் குறிப்பிடுக. வெட்டுமுனையின் கருமைக்குத் திறந்த கலன்களினூடான மயிர்த்துளை உறிஞ்சல் காரணம் என எழுதி, நுண்ணிய அரத்தாளாலும் குறைந்தளவு சாயத்தாலும் அதனைக் கட்டுப்படுத்தலாம் எனக் கூறுக. தூரிகையின் படத்தை வரைந்து நுனிப்பிளவையும் உளிவிளிம்பையும் குறிப்பின் விடை தெளிவாகும்.

பயிற்சி

1. தேயிலைச் சாயத்துக்கும் இரும்புக் கரைசலுக்கும் ஒரே தூரிகையைப் பாவிக்கக் கூடாமைக்குக் காரணம் யாது?

2. சுண்ணாம்பு பூசத் தும்புத் தூரிகையும், எண்ணெய் வார்னிசுக்குப் பன்றி மயிர்த் தூரிகையும் பொருத்தமாவது ஏன் என்பதை மயிர், நார் ஆகியவற்றின் இயல்புகளைக் கொண்டு விளக்குக.

3. உங்கள் வீட்டில் எண்ணெய்ச் சாயமிட்ட பின் எஞ்சும் மூன்று துணிகளை இன்றிரவு எங்கே, எவ்வாறு வைப்பீர்கள்? வீட்டின் கிடைப்படமொன்றை வரைந்து காட்டுக.